கிளியூர் அருவியில் வழுக்கி விழுந்தவருக்கு டபிள்யூ16-ல் எந்தக் கோடு? பயிற்சித் தாளைச் சரிபார்க்க உதவுங்கள்

ஐந்துரோடு_கோடர் (கேள்வி)

வணக்கம். சேலத்தில் புதிதாகச் சேர்ந்திருக்கும் மருத்துவக் கோடர்களுக்காக (டாக்டர் குறிப்பைக் கோடு எண்ணாக மாற்றுபவர்கள்), தண்ணீரில் தவறி விழுந்து அடிபட்ட கேஸ்களை வைத்து ஒரு பயிற்சித் தாள் தயார் செய்கிறேன். அமெரிக்க சார்ட்டில் (நோயாளிக் குறிப்பு) வரும் ஏரியும் நீச்சல்குளமும் பிள்ளைகள் மனசில் ஒட்டவே மாட்டேன் என்கிறது. அதனால் சம்பவங்களை நம் பக்கத்துக்கு மாற்றிவிட்டு, கோடு மட்டும் அமெரிக்காவின் நோய், காயக் கோடுப் புத்தகமான ஐசிடி-10-சிஎம் விதிப்படி போடச் சொல்லப் போகிறேன்.

முதல் கேஸ்: சுற்றுலா வந்த 24 வயது ஆண், கிளியூர் அருவிக்குக் கீழே பாசி பிடித்த பாறையில் வழுக்கி நீர்க்குட்டையில் விழுந்தார். அடியில் இருந்த பாறையில் தலை மோதியது. மண்டைத் தோலில் 4 செ.மீ. கிழிசல், 5 நிமிடம் நினைவில்லை, தண்ணீர் குடித்து இருமினார். டாக்டர் எழுதியிருப்பது: கன்கஷன் (மூளை அதிர்வு), மண்டைத் தோல் கிழிசல், நியர் ட்ரவுனிங் (மூழ்கிப் பிழைத்தது). மார்பு எக்ஸ்ரே சுத்தம். டபிள்யூ16 என்பது தண்ணீரில் விழுந்ததற்கும் குதித்ததற்குமான வெளிக்காரணக் கோடு, அதாவது காயம் எப்படி நேர்ந்தது என்று சொல்வது. இதற்கு டபிள்யூ16.121ஏ-வா, டபிள்யூ16.122ஏ-வா?

இரண்டாவது: ஏற்காடு ஏரியில் மிதிபடகில் எழுந்து நின்ற பெண் தடுமாறித் தண்ணீரில் விழுந்து மூழ்கி, காப்பாற்றப்பட்டார்.

மூன்றாவது: ஓமலூர் பக்கம் விவசாயக் கிணறு. ஒரு பையன் எட்டிப் பார்க்கும்போது தவறி விழுந்தான். இன்னொருவன் திட்டிலிருந்து தலைகீழாகக் குதித்தான், ஐந்தாவது கழுத்தெலும்பு முறிந்து தண்டுவடமும் பாதிப்பு. இரண்டுக்கும் டபிள்யூ17.0 சரியா?

நான்காவது: மேட்டூர் அணையின் நீர்த்தேக்கத்தில் கரையிலிருந்து சறுக்கி விழுந்து மணிக்கட்டு முறிவு. எதில் மோதினார் என்று குறிப்பில் இல்லை.

ஐந்தாவது: சேகோ ஆலைத் தொட்டியில் தொழிலாளி விழுந்தது.

மலைப்பாதை20

டபிள்யூ16-ஐ நேராகத் திறந்து வைத்துக்கொண்டு தேடினால் எல்லாரும் குழம்புவார்கள். அதற்கு முன்னால் வரிசையாகச் சில கேள்விகள் கேட்கப் பழக்குங்கள். வேண்டுமென்றே நடந்ததா, தற்செயலா? படகிலிருந்து விழுந்தாரா? விழுந்தாரா, குதித்தாரா, இல்லை ஏற்கெனவே தண்ணீருக்குள் இருந்தாரா? எந்த வகைத் தண்ணீர்? எதில் மோதினார்? கடைசியில், மூழ்கினாரா, வேறு காயமா? ஆறாம் இலக்கம் வரை இந்த வரிசையில்தான் கோடு தானாக அமையும்.

தண்ணீர் வகைதான் நான்காம் இலக்கம். தவறி விழுந்தால் 0 நீச்சல்குளம். 1 இயற்கை நீர்நிலை, அதாவது ஏரி, ஆறு, ஓடை, கடல். 2 நிரம்பிய குளியல் தொட்டி அல்லது வாளி. 3 மற்ற நீர். 4 எந்த நீர் என்று தெரியாதது. குதித்தால் அதே போல 5, 6, 8, 9. படகிலிருந்து குதிப்பதற்கு மட்டும் 7. ஐந்தாம் இலக்கம் எதில் மோதினார் என்பது: 1 நீர்ப்பரப்பு, 2 அடித்தளம், 3 சுவர் அல்லது கரை. ஆறாம் இலக்கத்தில் 1 என்றால் மூழ்கல், 2 என்றால் மற்ற காயம். வாளி, குளியல் தொட்டி வரிசையும் தெரியாத நீர் வரிசையும் இந்த அமைப்பில் வராது. குதித்தலில் 6, 7 வரிசைகளுக்கு ஐந்தாம் இலக்கமாக 3 கிடையாது. ஏழாவதாக வரும் எழுத்தில் ஏ என்றால் சிகிச்சைக் கட்டம், டி தொடர் வருகை, எஸ் பின்விளைவு.

உங்கள் முதல் கேஸ் இயற்கை நீர், அடித்தளம். ஆகவே டபிள்யூ16.12 வரை சந்தேகமே இல்லை. முக்கியக் காயம் தலையில் என்பதால் 122ஏ போதும் என்பது என் கருத்து. இடத்துக்கு ஒய்92.828, மலை இதற்குள் வரும். செயலுக்கு ஒய்93.01, நடப்பதும் ஹைக்கிங் என்ற நெடுநடையும் அதில்தான். வேலையிலா, பொழுதுபோக்கிலா என்ற நிலைக்கு ஒய்99.8.

இதே அருவியில் இன்னொரு சம்பவத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஈரப் பாறையில் வழுக்கி, பாறையிலேயே தலை மோதி, தண்ணீருக்குள் போகவே இல்லை. அருவி என்று படித்தவுடனே பாதிப் பேர் டபிள்யூ16 போடுவார்கள். அது டபிள்யூ01.198ஏ, சமதளத்தில் வழுக்கி விழுந்து வேறு பொருளில் மோதியது. உயரமான பாறை முகட்டிலிருந்து கீழே விழுந்தால் டபிள்யூ15.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ. தண்ணீர் பக்கத்தில் இருந்தது என்பதற்காக டபிள்யூ16 வந்துவிடாது. தண்ணீருக்குள் விழுந்திருக்க வேண்டும்.

செவ்வாய்பேட்டை_சிபிசி

இரண்டாவது கேஸில் பொறி இருக்கிறது. படகிலிருந்து தவறி விழுந்தால் டபிள்யூ16 கிடையாது. அந்தப் பிரிவின் தலையிலேயே எக்ஸ்க்ளூட்ஸ்1 (இந்தக் கோடோடு சேர்த்துப் போடக் கூடாது என்ற குறிப்பு) போட்டு, படகு விபத்துகளுக்கான வி90 முதல் வி94 வரை அனுப்பிவிடுகிறார்கள். மிதிபடகு மோட்டார் இல்லாதது, கயாக்கும் இல்லை, காற்றடைத்ததும் இல்லை. ஆக "மற்ற இயந்திரமில்லாப் படகு", வி92.08எக்ஸ்ஏ. படகு கவிழ்ந்து மூழ்கியிருந்தால் வி90.08எக்ஸ்ஏ. மேட்டூர்ப் பக்கம் பரிசல் கவிழ்ந்ததாக ஒரு கேஸ் சேர்த்தால் இந்த வித்தியாசம் நன்றாகப் பதியும்: படகுக்கு விபத்து நேர்ந்ததா, படகு நன்றாக இருக்க ஆள் மட்டும் விழுந்தாரா என்பதுதான் வி90-க்கும் வி92-க்கும் நடுவில் உள்ள எல்லை. படகிலிருந்து விழுந்து ஏரியின் அடியில் மோதிக் காயம் என்றால் வி94.0எக்ஸ்எக்ஸ்ஏ.

ஆனால் அதே பெண் குளிக்க வேண்டும் என்று தானாகவே படகிலிருந்து குதித்திருந்தால் மறுபடி டபிள்யூ16-க்கே வந்துவிடும், 16.7 வரிசை. குதித்தது டபிள்யூ16-ல், விழுந்தது வி வரிசையில். இந்த ஒரு இடத்தில்தான் தேர்வில் நிறைய மார்க் போகிறது.

கிணற்றுக்கு: தவறி விழுந்தவனுக்கு டபிள்யூ17.0எக்ஸ்எக்ஸ்ஏ சரி. கிணற்றில் தண்ணீர் இருந்ததா, வறண்டதா, மூழ்கினானா என்று அந்தக் கோடு பிரிப்பதில்லை. மூழ்கியதை நோய்க் கோடுதான் சொல்ல வேண்டும். குதித்தவனுக்கு டபிள்யூ17.0 பொருந்தாது, அது விழுதலுக்கு மட்டும். குதித்ததற்கு டபிள்யூ16.822ஏ: மற்ற நீர், அடித்தளம், மூழ்கல் அல்லாத காயம். நம் பக்கம் கிணற்றில்தான் நீச்சல் பழகுகிறார்கள், கோடையில் தண்ணீர் இறங்கியது தெரியாமல் அதே திட்டிலிருந்து தலைகீழாகப் பாய்வார்கள். கழுத்து முறிவது இப்படித்தான். அதனால் தாளில் இந்தக் கேஸ் கட்டாயம் இருக்கட்டும்.

கோடு வரிசையில் கவனம். கழுத்தெலும்பு முறிவுக்கான எஸ்12-ன் கீழ், தண்டுவடக் காயம் இருந்தால் அதற்கான எஸ்14-ஐ முதலில் போடு என்று குறிப்பு உண்டு. பழக்கத்தில் எலும்பு முறிவை மேலே வைத்துவிடுவார்கள்.

மேட்டூரை எல்லாரும் ஏரி என்று நினைத்து 16.1 போடுவார்கள். நீர்த்தேக்கம் 16.3-ன் கீழ் பெயர் சொல்லியே இருக்கிறது, நீரூற்றுத் தொட்டியும் அங்கேதான். எதில் மோதினார் என்று இல்லாவிட்டால் நீர்ப்பரப்புக் கோடு: டபிள்யூ16.312ஏ. தெரியாத விவரம் மோதிய பொருள்தான், தண்ணீர் எது என்று தெரியும். ஆகவே 16.42-க்கு ஓடக் கூடாது. வீட்டுச் சம்ப், கல்குவாரிக் குட்டை போல மனிதர் கட்டிய, தோண்டிய நீருக்கும் இதே 16.3 தான் என் தேர்வு. குழந்தை வாளித் தண்ணீரில் கவிழ்ந்து மூழ்கினால் மட்டும் தனியாக டபிள்யூ16.221ஏ.

ஆடிட்_மேசை

மேலே இரண்டு பேரும் சொன்னதில் பெரும்பாலும் உடன்பாடு. முதல் கேஸில் 122ஏ மட்டும் போதும் என்பதில் இல்லை.

காயத்துக்கு எத்தனை காரணம் விளக்க வேண்டுமோ அத்தனை வெளிக்காரணக் கோடு போடலாம் என்பது விதி. ஒன்றுதான் போட இடம் உண்டு என்றால் முதன்மை நோய்க்கு நெருக்கமானதை எடுக்க வேண்டும். 121-க்கும் 122-க்கும் நடுவில் எக்ஸ்க்ளூட்ஸ்1 எதுவும் கிடையாது. டாக்டர் கன்கஷனும் எழுதியிருக்கிறார், நியர் ட்ரவுனிங்கும் எழுதியிருக்கிறார். இரண்டும் போடலாம், தலைக்காயம் முதன்மை என்பதால் 122ஏ முன்னால், 121ஏ பின்னால். ஒரே ஒரு கோடுதான் வேண்டும் என்று கிளையன்ட் எழுத்தில் கொடுத்திருந்தால் 122ஏ. விடைத்தாளில் இரண்டையும் காட்டி, காரணத்தையும் எழுதுங்கள். இல்லாவிட்டால் பிள்ளைகள் ஒன்றை மனப்பாடம் செய்துகொண்டு போய்விடுவார்கள்.

முழு வரிசை இப்படி வரும்:

எஸ்06.0எக்ஸ்1ஏ, எஸ்01.01எக்ஸ்ஏ, டி75.1எக்ஸ்எக்ஸ்ஏ, டபிள்யூ16.122ஏ, டபிள்யூ16.121ஏ, ஒய்92.828, ஒய்93.01, ஒய்99.8

எஸ்06.0-ல் 1 என்பது 30 நிமிடத்துக்குள் நினைவிழப்பு. நினைவு போனதா இல்லையா என்பதே தெரியாத நிலைக்கு 2022 அக்டோபர் முதல் எஸ்06.0எக்ஸ்ஏஏ தனியாக இருக்கிறது. பழைய பயிற்சித் தாள்களில் அது இருக்காது. அதே தலையில் சிராய்ப்பும் இருந்ததென்றால் அதற்குத் தனிக் கோடு வேண்டாம், அதே இடத்தில் பெரிய காயம் இருக்கிறது.

டி75.1-ஐப் பற்றி யாரும் பேசவில்லையே. அதன் தலைப்பே மூழ்கலின் "குறிப்பிடப்படாத விளைவுகள்". விளைவு குறிப்பிடப்பட்டிருந்தால் அந்த விளைவைத்தான் கோடு செய்ய வேண்டும் என்று எக்ஸ்க்ளூட்ஸ்1 சொல்கிறது. எக்ஸ்ரே சுத்தமாகி, வெறும் இருமலோடு கண்காணிப்பில் வைத்து அனுப்பினால் டி75.1எக்ஸ்எக்ஸ்ஏ சரி. அதே ஆளுக்கு ஆக்சிஜன் குறைந்து கடும் சுவாசச் செயலிழப்பு என்று டாக்டர் எழுதினால் ஜே96.01, ஏஆர்டிஎஸ் (நுரையீரல் கடுமையாகப் பாதித்த மூச்சுத்திணறல் நிலை) என்றால் ஜே80, மூளைக்கு ஆக்சிஜன் இல்லாமல் பாதிப்பு என்றால் ஜி93.1. அப்போது டி75.1 வெளியே போகும். டபிள்யூ16.121ஏ போகாது, மூழ்கியது மூழ்கியதுதான். இரண்டையும் சேர்த்து அழிப்பது ஆடிட்டில் அடிக்கடி பிடிபடும் பிழை.

ஏழாம் எழுத்து இன்னொரு தலைவலி. திறந்த எலும்பு முறிவுக்கு எஸ் கோடில் பி வரும். அதைப் பார்த்து டபிள்யூ கோடிலும் பி போடுகிறார்கள். வெளிக்காரணக் கோடில் ஏ, டி, எஸ் மூன்றுதான், முறிவு திறந்ததோ மூடியதோ அதற்குக் கவலையில்லை. நிரப்பு எழுத்தான எக்ஸ்-உம் அப்படித்தான்: ஏழாவது இடத்தைத் தொட எத்தனை குறைகிறதோ அத்தனை. 16.122-க்கு எக்ஸ் வேண்டாம், 16.41-க்கு ஒன்று, 17.0-க்கு இரண்டு, டபிள்யூ15-க்கு மூன்று. ஒய்92, ஒய்93, ஒய்99-க்கு ஏழாம் எழுத்தே கிடையாது.

நோக்கம் பற்றி: குறிப்பில் எதுவும் இல்லாவிட்டால் விபத்து என்றே கோடு செய்ய வேண்டும். ஒய்21 வரிசை, நோக்கத்தைத் தீர்மானிக்க முடியவில்லை என்று டாக்டரே எழுதினால் மட்டும். கோடருக்குச் சந்தேகம் வந்தது என்பது காரணமாகாது. அதே போல இடமோ செயலோ எழுதப்படவில்லை என்றால் ஒய்92.9, ஒய்93.9, ஒய்99.9 போடக் கூடாது. அப்படியே விட்டுவிட வேண்டும்.

வெளிக்காரணக் கோடு எந்நாளும் முதல் வரிசையில் வராது. டாக்டர்கள் பணம் கேட்டு அனுப்பும் சிஎம்எஸ்-1500 படிவத்தில் நோய்க் கோடுக்கு 12 இடம், அதிலேயே இதுவும் சேரும். ஆஸ்பத்திரிகள் அனுப்பும் யூபி-04 படிவத்தில் இதற்கென்றே 72-வது பெட்டியில் மூன்று இடம். அமெரிக்காவில் நாடு முழுவதற்குமான கட்டாயம் கிடையாது, மாநில விதியோ பணம் தரும் நிறுவனமோ கேட்டால் கட்டாயம். அதனால் கிளையன்ட் குறிப்பைப் படிக்காமல் விடையை அடிக்கக் கூடாது.

சேகோ தொட்டி: தொட்டியில் என்ன இருந்தது என்று கேஸில் எழுதுங்கள். கழுவும் தண்ணீர் என்றால் டபிள்யூ16.3 வரிசை. மாவுப் பால் படியும் தொட்டி என்றால் அதைத் தண்ணீர் என்று நீங்களாகவே முடிவு செய்ய முடியாது, டாக்டரிடம் கேள்வி அனுப்ப வேண்டியது. காலித் தொட்டி என்றால் டபிள்யூ17.89எக்ஸ்ஏ, 17.3 காலியான நீச்சல்குளத்துக்கு மட்டும். மூன்றிலும் ஒய்92.63 தொழிற்சாலை, ஒய்99.0 கூலிக்கு வேலை.

எம்ஆர்டி_அஸ்தம்பட்டி

ஒரு எச்சரிக்கை மட்டும். உங்கள் பிள்ளைகளில் யாராவது நாளைக்கு உள்ளூர் ஆஸ்பத்திரி மருத்துவப் பதிவுப் பிரிவுக்கு வந்தால் இந்த விடைகளை அப்படியே கொண்டுவரக் கூடாது. நாங்கள் போடுவது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10. நீங்கள் போடுவது அமெரிக்கா 2015 அக்டோபர் 1 முதல் பயன்படுத்தும் அதன் விரிவு.

எண் ஒன்றாக இருந்தும் பொருள் மாறும் இடம் டபிள்யூ16 தான். எங்கள் புத்தகத்தில் டபிள்யூ16, குதித்தோ பாய்ந்தோ மூழ்கல் அல்லாத காயம் அடைந்ததற்கு மட்டும். தவறி விழுந்து மூழ்கியது அங்கே வராது. குளியல் தொட்டி டபிள்யூ66, நீச்சல்குளம் டபிள்யூ68, இயற்கை நீர் டபிள்யூ70. இந்த மூன்று எண்ணும் சிஎம் புத்தகத்தில் இல்லவே இல்லை, எல்லாம் டபிள்யூ16-க்குள் போய்விட்டன. ஏற்கெனவே தண்ணீருக்குள் இருந்தவர் மூழ்கியதற்கான டபிள்யூ65, 67, 69 இரண்டிலும் உண்டு.

இடத்துக்குத் தனிக் கோடும் எங்களுக்கு இல்லை, நான்காம் இலக்கமே இடம். ஏரி, ஆறு, மலை, நீர்த்தேக்கம் எல்லாம் 8, பண்ணை 7, தொழிற்சாலை 6, வீடு 0. கிளியூரில் விழுந்து மூழ்கி இறந்தால் டபிள்யூ70.8.

இறந்தவருக்கு வரிசையும் தலைகீழ். உயிரோடு வந்தவருக்கு எங்களிடமும் காயம்தான் முதல், வெளிக்காரணம் கூடுதல். இறந்தவருக்கு அடிப்படைக் காரணமாக எடுப்பது வெளிக்காரணக் கோடையே. ஆகவே இறப்புக் காரணச் சான்றான படிவம் 4-ல் முதல் பகுதியின் கடைசி வரியில், எப்படி விழுந்தார், எந்தத் தண்ணீர் என்று டாக்டர் எழுத வேண்டும். "மூழ்கியதால் மூச்சுத்திணறல்" என்று மட்டும் எழுதி அனுப்பினால் இயற்கை நீரா, தொட்டியா, விழுந்தாரா, குளித்தாரா எதுவும் தெரியாது, டபிள்யூ74 தவிர வழியில்லை. அதே படிவத்தில் இறப்பின் தன்மைக்கும், காயம் எப்படி நேர்ந்தது என்பதற்கும் தனி இடம் இருக்கிறது. அதைக் காலியாக விட்டுவிடுவார்கள். டிஸ்சார்ஜுக்கு முன்னால் அந்த இரண்டு இடத்தையும் பார்த்துவிட்டுத்தான் ஃபைலை வாங்க வேண்டும்.

ஐந்துரோடு_கோடர்

எல்லாருக்கும் நன்றி. முதல் கேஸில் இரண்டு கோடையும் காட்டி எழுதுகிறேன், சேகோ தொட்டியை மூன்றாகப் பிரித்துவிடுகிறேன். கடைசியாக ஒன்று: கிளியூர்க்காரர் பத்து நாள் கழித்துத் தையல் பிரிக்க வருகிறார். கழுத்து முறிந்த பையன் ஒரு வருஷம் கழித்துக் கைகால் செயலிழப்போடு வருகிறான். இவற்றுக்கு?

ஆடிட்_மேசை

தையல் பிரிக்க எஸ்01.01எக்ஸ்டி. தையல் பிரிப்புக்கான இசட்48.02 போடாதீர்கள், காயத்துக்குப் பின்பராமரிப்பு இசட் கோடு கிடையாது, ஏழாம் எழுத்தே அதைச் சொல்லிவிடும். வெளிக்காரணம் போட்டால் டபிள்யூ16.122டி. இடம், செயல், நிலை மூன்றும் முதல் வருகைக்கு மட்டும், இங்கே வராது. கன்கஷனையும் அன்றைக்கு டாக்டர் பார்த்து எழுதியிருந்தால்தான் சேர்க்க வேண்டும்.

பையனுக்கு, இன்றைக்கு இருக்கும் நிலை முதலில்: நான்கு கைகால்களும் என்றால் ஜி82.5 வரிசை. எந்த மட்டம், முழுமையானதா அரைகுறையா என்று குறிப்பில் பார்த்து ஐந்தாம் இலக்கம். அடுத்து எஸ்14.1 அதே மட்டத்தில், ஏழாம் எழுத்து எஸ். கடைசியில் டபிள்யூ16.822எஸ். இரண்டு கோடிலும் எஸ் வர வேண்டும். ஒன்றில் எஸ், மற்றதில் ஏ என்று போனால் க்ளெய்ம் எடிட்டிலேயே (பணம் கேட்கும் படிவத்தின் முதற்கட்டச் சரிபார்ப்பு) நின்றுவிட வாய்ப்பு உண்டு.

செவ்வாய்பேட்டை_சிபிசி

தாளை முடித்ததும் ஒருமுறை புத்தகத்தின் அகரவரிசை இண்டெக்ஸில் இரண்டு வாசலிலும் நுழைந்து பார்க்கச் சொல்லுங்கள்: விழுதல் என்ற தலைப்பிலும், மூழ்கல் என்ற தலைப்பிலும். இரண்டும் வேறு வேறு கோடில் கொண்டுபோய் விட்டால் டாபுலரில் (எண் வரிசைப் பட்டியல்) எக்ஸ்க்ளூட்ஸ் குறிப்பைப் படித்த பிறகே முடிவு. அக்டோபர் 1-க்கு மேல் தாளைப் பயன்படுத்தினால் அந்த வருஷத்துப் புத்தகத்தோடு எஸ்06-ஐ மட்டுமாவது மறுபடி ஒப்பிட்டுவிடுங்கள்.